என் காலுக்குத் தெரியலையே

எங்கள் பிசியோதெரபி பிரிவுக்கு வருகிறவர்களில் பாதிப் பேர் கேட்பது ஒரே கேள்விதான். "காலை ஊன்றலாமா?" பதினைந்து ஆண்டுகளுக்கு மேலாக இதற்குப் பதில் சொல்லிக்கொண்டிருக்கிறேன். எக்ஸ்ரேயைப் பார்ப்பேன், எலும்பு டாக்டர் சீட்டில் எழுதியிருப்பதைப் பார்ப்பேன், "ஊன்றலாம்" என்பேன். சிலர் அப்போதே ஊன்றிவிடுவார்கள். சிலரால் முடியாது.

2019 கார்த்திகையில் ஒரு அம்மா வந்தார். ஸ்ரீரங்கத்தில் பூக்கட்டி விற்பவர். புரட்டாசி மழையில் வாசல்படி வழுக்கி, வலது கணுக்கால் இரண்டு பக்கமும் முறிந்து, பிளேட் வைத்து ஆபரேஷன் செய்திருந்தார்கள். ஆறு வாரம் அந்தக் காலைத் தரையில் வைக்கவே கூடாது என்று சொல்லியிருந்தார்கள். அவரும் வைக்கவில்லை. ஏழாவது வாரம் எக்ஸ்ரே நன்றாக இருந்தது. இரண்டு கம்பிகளுக்கு நடுவில் அவரை நிறுத்தி, "ஊன்றுங்கம்மா" என்றேன். பாதம் தரைக்கு ஒரு விரற்கடை மேலே நின்றது. இறங்கவில்லை. அன்றோடு நான்கு நாளாக இதே கதை. என் குரல் உயர்ந்துவிட்டது. "எலும்பு சேர்ந்தாச்சும்மா. படத்துலதான் பார்த்தீங்களே. அப்புறம் என்ன பயம்?"

வேர்த்துப்போன முகத்தோடு அவர் சொன்னார்: "சேர்ந்தது உனக்குத் தெரியுது பாப்பா. என் காலுக்குத் தெரியலையே."

நான் பக்கத்து அறைக்குப் போய்க் கொஞ்ச நேரம் உட்கார்ந்திருந்தேன். அப்போது நான் ரயில் மாற்றி மூன்றாவது வாரம்.

அதைச் சொல்ல முதலில் இருந்து வரவேண்டும்.

என் முதல் திருமணம் காதல் திருமணம். இரண்டு வீட்டிலும் எதிர்ப்பு. 2010-ல் சென்னையில் ரிஜிஸ்டர் ஆபீஸில் நண்பர்கள் கையெழுத்துப் போட்டார்கள். சண்டை இல்லாத வீடு எங்களுடையது. 2014 தீபாவளிக்கு இரண்டு நாள் இருக்கும்போது, ராத்திரி சாப்பிட்டு முடித்துத் தட்டைக் கழுவி வைத்துவிட்டு வந்து, தனக்கு இன்னொருவரோடு வாழ விருப்பம் என்று சொன்னார். "எட்டு மாசமா சொல்லணும்னு நெனச்சுட்டு இருந்தேன்" என்றார்.

பலர் நினைப்பது போல அந்த இன்னொரு பெண் என்னை உடைக்கவில்லை. அந்த எட்டு மாதம்தான் உடைத்தது. பிறகு அந்த எட்டு மாதத்தை நாள் நாளாக எடுத்துப் பார்த்தேன். அதில் ஒரு நாள் மகாபலிபுரம் போயிருக்கிறோம். கடற்கரையில் மாங்காய் வாங்கிச் சாப்பிட்டிருக்கிறோம். எனக்குக் காய்ச்சல் வந்தபோது விடிய விடிய நெற்றியில் துணி நனைத்துப் போட்டிருக்கிறார். அத்தனையிலும் பக்கத்தில் இருந்த மனிதர் மனசுக்குள் கிளம்பிக்கொண்டிருந்தார், எனக்கு ஒன்றுமே தெரியவில்லை. அவரை நம்ப முடியாமல் போனதை ஒரு வருடத்தில் கடந்துவிட்டேன். என்னையே நம்ப முடியாமல் போனது, அதுதான் நெடுநாள் இருந்தது. பார்ப்பது உண்மையா, சிரிப்பது சிரிப்பா என்று எனக்கே தெரியாது என்றால் நான் யாரை வைத்து யாரை அளப்பது?

என் தொழிலில் இதற்குச் சமமான ஒன்று உண்டு. கண்ணை மூடிக்கொண்டாலும் நம் பாதம் எங்கே இருக்கிறது, எந்தப் பக்கம் சாய்ந்திருக்கிறது என்று நமக்குத் தெரிகிறது. தசையிலும் மூட்டைச் சுற்றியுள்ள நார்களிலும் இருக்கும் நரம்பு முனைகள் அதை மூளைக்குச் சொல்லிக்கொண்டே இருக்கின்றன. கணுக்கால் பிசகினாலோ முறிந்தாலோ அந்தத் தகவல் குழம்பிப்போகும். வலி போயிருக்கும், வீக்கம் வடிந்திருக்கும், ஆனால் மேடுபள்ளத்தில் கால் வைக்கும்போது பாதம் தான் இருக்கும் இடத்தைத் தப்பாகச் சொல்லும். அதனால்தான் ஒரு தடவை பிசகிய கால் மறுபடி மறுபடி பிசகுகிறது. இதற்கு மாத்திரை கிடையாது. ஒற்றைக் காலில் நிற்க வைப்போம். பிறகு கண்ணை மூடி நிற்க வைப்போம். ஆடும், விழப்போகும், பிடித்துக்கொள்வோம். அப்படி ஆடி ஆடித்தான் அந்த உணர்வு திரும்பும். ஆடாமல் படுக்கையில் இருந்தபடியே அதைத் திரும்பப் பெற்றவர் ஒருவரைக்கூட நான் பார்த்ததில்லை.

ஒரு நீலப் பெட்டியோடு லால்குடிக்கு அம்மா வீட்டுக்கு வந்தேன். பரஸ்பரச் சம்மதத்தில் விவாகரத்து. ஒரு வருடம் பிரிந்து இருந்திருக்க வேண்டும், மனுப் போட்ட பிறகு குறைந்தது ஆறு மாதம் காத்திருக்க வேண்டும் என்பது சட்டம். அந்த ஆறு மாதத்தை நீதிமன்றம் நினைத்தால் தள்ளுபடி செய்யலாம் என்று உச்ச நீதிமன்றம் 2017-ல் சொன்னது. எனக்கு 2016-லேயே தீர்ப்பு வந்துவிட்டது, நான் முழுசாகக் காத்திருந்தேன். இதுவரை யாரிடமும் சொல்லாத ஒன்றைச் சொல்கிறேன். அந்த ஆறு மாதமும் அவர் மனம் மாறுவார் என்றுதான் இருந்தேன். இரண்டாவது தடவை கையெழுத்துப் போடப் போன அன்று அவருக்குப் பிடித்த பச்சைப் புடவையைக் கட்டிக்கொண்டு போனேன்.

அப்புறம் திருச்சியில் வேலை. லால்குடியிலிருந்து தினமும் காலை பாசஞ்சர். பிட்சாண்டார்கோவில் தாண்டினால் கொள்ளிடம், ஸ்ரீரங்கம் தாண்டினால் காவிரி. போகும்போது இரண்டு ஆறு, வரும்போது இரண்டு ஆறு. கோடையில் கொள்ளிடம் வெறும் மணல், நடுவில் ஒரு வாய்க்கால் அளவு தண்ணீர். மேட்டூர் திறந்த செய்தி வந்தால் பெட்டியில் எல்லோரும் ஜன்னல் பக்கம் வந்துவிடுவார்கள். நான் நகர மாட்டேன். யாரோடும் பேச்சு வைத்துக்கொள்ள மாட்டேன். என் வாழ்க்கையை அப்போது அப்படித்தான் அடுக்கி வைத்திருந்தேன்.

2018 ஆகஸ்டில் பெரிய வெள்ளம். கொள்ளிடத்தில் 1928-ல் கட்டிய பழைய இரும்புப் பாலத்தின் தூண்கள் வெள்ளத்தில் சாய்ந்து பாலம் உடைந்தது. பக்கத்திலேயே புதுப் பாலம் வந்து போக்குவரத்து மாறியிருந்ததால் உயிர்ச்சேதம் இல்லை. ஆனாலும் ஊரே போய்ப் பார்த்து வருத்தப்பட்டது. அன்று ரயிலில் எதிர் இருக்கையில் இருந்தவர், யாரைப் பார்த்து என்றில்லாமல், "எங்க தாத்தா அந்தப் பாலத்துல மாட்டு வண்டி ஓட்டிட்டுப் போனவரு" என்றார். நானும், "எங்க தாத்தாவும்தான்" என்றேன். அவ்வளவுதான் தொடக்கம்.

அவர் திருச்சியில் ஒரு பள்ளியில் கணக்கு வாத்தியார். 2015-ல் மனைவி புற்றுநோயில் இறந்துவிட்டார். ஒரு பெண் குழந்தை. இதெல்லாம் ஒரு வருடப் பேச்சில் கொஞ்சம் கொஞ்சமாகத் தெரிந்தது. அவர் நிறையப் பேசுகிறவர் இல்லை. விடைத்தாள் திருத்திக்கொண்டே வருவார். தப்பாகப் போட்ட கணக்கில்கூட எந்த வரி வரைக்கும் சரியோ அதுவரைக்கும் மார்க் போடுவார், அதை நான் கவனித்திருக்கிறேன். சனிக்கிழமைகளில் அந்த எதிர் இருக்கை காலியாக இருப்பது எனக்கு உறைக்கத் தொடங்கியபோதே விஷயம் புரிந்திருக்க வேண்டும். புரியாத மாதிரி இருந்தேன்.

2019 ஐப்பசிக் கடைசியில் லால்குடி பிளாட்பாரத்தில், "ஞாயித்துக்கிழமை பாப்பாவோட கல்லணை போறோம். நீங்களும் வர்றீங்களா?" என்று கேட்டார். பார்க்கலாம் என்று சொன்னேன். மறுநாளிலிருந்து ஒரு மணி நேரம் முன்னால் கிளம்பி வேறு வண்டியில் போனேன். கல்லணைக்குப் போகவில்லை. காரணமும் சொல்லவில்லை. ஒரு நல்ல மனிதரை அப்படி விட்டுவிட்டுப் போனேன். எனக்கு நடந்தபோது எப்படி வலித்தது என்று தெரிந்திருந்தும் செய்தேன்.

அந்த மூன்றாவது வாரம்தான் பூக்காரம்மா அந்த வார்த்தையைச் சொன்னது.

மறுநாள் நான் அவரைத் திட்டவில்லை. எடை பார்க்கும் மெஷினைக் கொண்டுவந்து வலது பாதத்துக்குக் கீழே வைத்தேன், இடது பாதத்துக்கு அதே உயரத்தில் ஒரு பலகை. இது நாங்கள் வழக்கமாகச் செய்வதுதான், அவருக்கு முதலிலேயே செய்திருக்க வேண்டும். "நடக்க வேணாம்மா. முள்ளு பத்துல நிக்கிற வரைக்கும் அழுத்துங்க, போதும்." அழுத்தினார். முள் ஐந்து, ஏழு, பத்து. பத்தில் நிறுத்தி அவரே குனிந்து பார்த்தார். "பத்துக் கிலோவா? நான் ஒரு கூடைப் பூ அதுக்கு மேல தூக்குவனே" என்றார். அவர் எடை ஐம்பத்தெட்டு. அன்று பத்து, அடுத்த நாட்களில் பதினைந்து, இருபது. மார்கழி பிறக்கும்போது பாதி எடையைத் தாண்டிவிட்டார்.

பாரம் ஏற்றாமல் எலும்பு பலமாகாது. எந்தப் பக்கம் பாரம் விழுகிறதோ அதற்கேற்ப எலும்பு தன்னைக் கட்டிக்கொள்ளும் என்று யூலியஸ் வோல்ஃப் என்ற ஜெர்மன் மருத்துவர் 1892-லேயே எழுதிவைத்தார். விண்வெளியில் தங்குகிறவர்களுக்குக் காலில் பாரமே விழாததால் இடுப்பு, தொடை எலும்புகளின் அடர்த்தி மாதத்துக்கு ஏறக்குறைய ஒரு சதவீதம் குறைகிறது. ஒன்றும் செய்யாமல் பத்திரமாக இருப்பதே எலும்பைக் கரைக்கிறது. இதையெல்லாம் பரீட்சைக்குப் படித்திருக்கிறேன். மற்றவர்களுக்கு ஆயிரம் தடவை சொல்லியிருக்கிறேன்.

இன்னொன்றையும் சொல்லிவிடுகிறேன், ஏனென்றால் இதில் எனக்குக் கோபம் உண்டு. உடைந்த எலும்பு முன்பைவிடப் பலமாகச் சேரும் என்று சொல்வார்கள். கட்டுப்போட்டுச் சேரும் எலும்பைச் சுற்றி ஒரு திரட்சி உண்டாவது உண்மை, எக்ஸ்ரேயில் முடிச்சு மாதிரி தெரியும். மாதங்கள், வருடங்கள் போகப் போக உடம்பே அதைச் செதுக்கிப் பழைய வடிவுக்குக் கொண்டுவந்துவிடும். கடைசியில் மிஞ்சுவது ஏறக்குறைய பழைய எலும்பு. மறுபடி விழுந்தால் மறுபடி முறியும். என்னிடமும் எத்தனையோ பேர் சொன்னார்கள், "பட்டது உன்னைப் பலசாலியாக்கிடுச்சு" என்று. இல்லை. நான் யாரையும்விடப் பலசாலி ஆகவில்லை. முறியும் என்று தெரிந்த காலோடுதான் நின்றுகொண்டிருந்தேன். அதைப் பலம் என்று சொல்லிச் சொல்லியே, பயப்பட எனக்கிருந்த உரிமையையும் பிடுங்கிக்கொண்டார்கள் என்று தோன்றும்.

பழைய வண்டிக்குத் திரும்பினேன். அவர் அதே இருக்கையில் இருந்தார். "உடம்பு சரியில்லையா?" என்று மட்டும் கேட்டார். பத்துக் கிலோ என்று மனதுக்குள் சொல்லிக்கொண்டு, "உடம்புக்கு ஒண்ணும் இல்ல. உங்களைப் பார்க்க வேணாம்னுதான் வேற வண்டியில போனேன்" என்றேன். கொள்ளிடம் பாலம் முடியும்வரை அவர் பேசவில்லை. அப்புறம், "சரி. இப்ப வந்துட்டீங்களே" என்றார். கையிலிருந்த விடைத்தாளை எடுத்துத் திருத்தத் தொடங்கினார். எனக்கு அழுகை வந்தது, ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டேன்.

தைரியம் வந்துதான் அதைச் சொன்னேனா என்றால் இல்லை. வாய் உலர்ந்திருந்தது, கை நடுங்கியது. அளவுதான் சிறிதாக இருந்தது. "இந்த மனிதரோடு வாழ்நாள் முழுக்க இருப்பேனா?" என்பது ஐம்பத்தெட்டுக் கிலோ. அதை நினைத்துத்தான் மூன்று வாரம் ஓடினேன். இன்றைக்கு ஒரு உண்மையான வாக்கியம் சொல்வேனா என்பது பத்து. அடுத்த மாதம் அந்த எட்டு மாதக் கதையைச் சொன்னேன். அவர் தன் மனைவியின் கடைசி வாரத்தைச் சொன்னார். தைப்பொங்கலுக்கு மறுநாள் மூன்று பேரும் கல்லணை போனோம். குழந்தை என்னை "பிசியோ ஆன்ட்டி" என்று கூப்பிட்டாள், இன்றும் அப்படித்தான் கூப்பிடுகிறாள்.

மார்ச் 2020-ல் ஊரடங்கு. ரயில் நின்றது. எங்கள் பாசஞ்சர் வண்டிகள் ஓடாமல் கிடந்த அந்த நீண்ட காலத்தில் நாங்கள் போனில்தான் பேசிக்கொண்டோம். ராத்திரி ஒன்பது மணிக்கு அவர் கூப்பிடுவார்.

அந்த வருடம் நவம்பரில் ஒரு நாள் கூப்பிடவில்லை. நான் கூப்பிட்டேன், சுவிட்ச் ஆஃப். பத்து, பதினொன்று, பன்னிரண்டு. விபத்து என்று ஒரு தடவைகூட எனக்குத் தோன்றவில்லை, அதை நினைத்தால் இப்போதும் கூச்சமாக இருக்கிறது. தோன்றியதெல்லாம், "இவரும் எத்தனை மாசமா சொல்லணும்னு நெனச்சுட்டு இருக்காரோ" என்பதுதான். கடந்த பத்து மாதத்துப் பேச்சை எல்லாம் மறுபடி எடுத்துவைத்துச் சந்தேகத்தோடு பார்த்தேன். 2014-ல் செய்த அதே வேலை. அவர் எண்ணை அழித்துவிட்டுத்தான் படுத்தேன்.

ஊன்றிய பிறகு வலி வந்தால் என்ன செய்வது என்று நோயாளிகள் கேட்பார்கள். வலிப்பது பெரிய விஷயம் இல்லை, மறுநாள் காலைக்குள் அது பழைய நிலைக்கு இறங்குகிறதா பாருங்கள் என்போம். இறங்கினால் பாரம் சரிதான். இறங்காமல் வீக்கமும் சேர்ந்தால் அளவைக் குறைக்கவேண்டும், நிறுத்தவேண்டியதில்லை.

காலையில் அவர் டிவிஎஸ்ஸில் எங்கள் வீட்டு வாசலில் வந்து நின்றார். அதற்கு முன் வந்ததே இல்லை. முந்தின நாள் அவர் மனைவியின் திதி. அரியலூர்ப் பக்கம் மாமியார் ஊருக்குப் போயிருக்கிறார், போனில் சார்ஜ் இல்லை. "உங்ககிட்ட சொல்லியிருக்கணும். அன்னைக்கு உங்ககிட்ட பேசுறது அவளுக்குத் துரோகமோன்னு இருந்துச்சு. சொல்லத் தெரியல" என்றார். நான் நினைத்தே பார்க்கவில்லை, அவருக்கும் ஊன்ற முடியாத கால் ஒன்று உண்டு என்று. என் முறிவையே பார்த்துக்கொண்டிருந்திருக்கிறேன். அவர் எண்ணை அழித்ததைச் சொன்னேன். தன் போனை எடுத்து எனக்கு ஒரு மிஸ்டு கால் கொடுத்தார்.

அம்மா ஜன்னலில் இருந்து எல்லாவற்றையும் பார்த்துவிட்டாள். காபி கொண்டுவந்து கொடுத்தாள். அவர் போனதும், "ஒரு தடவை பட்டது போதாதா உனக்கு?" என்றாள். அப்பா இருந்திருந்தால் என்ன சொல்லியிருப்பார் என்று தெரியாது. அம்மா இரண்டு வருடம் சம்மதிக்கவில்லை. அவள் பிறந்த ஊர் திருவையாறு. அதே ஊரில் பிறந்த ஜி. சுப்பிரமணிய ஐயர், சுதேசமித்திரன் தொடங்கியவர், சிறுவயதில் விதவையான தன் மகளுக்கு 1889-ல் பம்பாய் காங்கிரஸ் கூடிய சமயத்தில் அங்கே வைத்து மறுமணம் செய்துவைத்தார். சொந்த பந்தம் ஒதுக்கிவைத்தது. இதை அம்மாவிடம் ஒரு வாதமாகத்தான் கொண்டுபோனேன். அவள் கேட்டுவிட்டு, "அந்தப் பொண்ணுக்குப் பயமா இருந்திருக்காதா?" என்றாள். என்னிடம் பதில் இல்லை. அந்தப் பெண்ணின் அப்பாவுடைய துணிச்சலை எல்லோரும் எழுதியிருக்கிறார்கள். அந்தப் பெண் எப்படிக் காலை எடுத்துவைத்தாள் என்று யாரும் எழுதி நான் படித்ததில்லை. அன்று ராத்திரி அம்மாவும் நானும் வெகுநேரம் பேசிக்கொண்டிருந்தோம். அவளுடைய மறுப்பு முழுக்க என்னைப் பற்றிய பயம் என்று அன்றைக்குத்தான் புரிந்துகொண்டேன். பயத்தை வாதம் செய்து வெல்ல முடியாது என்று எனக்குத் தெரியும். அவரை மாதம் ஒருமுறை காபிக்கு வரச்சொன்னேன். அம்மாவுக்கும் அதுதான் பத்துக் கிலோ.

2022 ஆவணியில் திருமணம். எங்கள் வீட்டுக் கூடத்தில் மாலை மாற்றிக்கொண்டோம். 1967-ல் சட்டம் திருத்தியதிலிருந்து தமிழ்நாட்டில் அது போதும். மாலைகள் பூக்காரம்மா கட்டிக் கொண்டுவந்தவை. லால்குடி ஸ்டேஷனில் இறங்கி, கூடையை இடுப்பில் வைத்துக்கொண்டு நடந்தே வந்திருந்தார்.

அதே நீலப் பெட்டியோடு அவர் வீட்டுக்குப் போனேன். பீரோவில் மூன்று தட்டு காலி செய்து, பழைய செய்தித்தாள் விரித்து வைத்திருந்தார். நான் பெட்டியைக் கட்டிலுக்கு அடியில் தள்ளினேன். தினமும் அதிலிருந்து புடவை எடுப்பேன், துவைத்து மடித்து அதிலேயே வைப்பேன். ஐந்து மாதம். அந்த மூன்று தட்டும் காலியாகவே இருந்தன. அவர் ஒரு நாளும் கேட்கவில்லை. செய்தித்தாளை மட்டும் ஒருமுறை மாற்றி விரித்திருந்தார்.

ஜனவரியில் ஒரு சாயங்காலம் பாப்பா பள்ளியிலிருந்து ஓடிவந்தாள். இரண்டு நாள் டூர், ஊட்டி. "ஆன்ட்டி, சக்கரம் வெச்ச பெட்டி எல்லார்கிட்டயும் இருக்கு. உங்க நீலப் பெட்டி தர்றீங்களா?"

கட்டிலுக்கு அடியிலிருந்து இழுத்தேன். புடவைகளை எடுத்து மேல் தட்டில் வைத்தேன், ரவிக்கைகளை நடுத்தட்டில். அடியில் பிளாஸ்டிக் கவரில் 2016 தீர்ப்பு நகல் இருந்தது. அதை எங்கே வைப்பது என்று கையில் வைத்துக்கொண்டு நின்றேன். அவர் பார்த்தார். எழுந்துபோய் ரேஷன் கார்டும் கரண்ட் பில்லும் வைக்கிற ஃபைலைக் கொண்டுவந்து கொடுத்தார். அவர் மனைவியின் இறப்புச் சான்றிதழும் அதில்தான் இருந்தது. அதற்குப் பின்னால் செருகினேன்.

பாப்பா அதற்குள் பெட்டியைப் படியில் கடகடவென்று இழுத்துக்கொண்டு இறங்கிவிட்டாள்.